ஒரு கத்தரி, இரண்டு சினிமா

நாயகன், காதலன், இந்தியன் படங்களைத் தொகுத்தவர் பி. லெனின். வெற்றியின் உச்சியில் இருந்தபோதே அந்த சினிமாவுக்கு எதிர்ப்பக்கம் போய் நின்றவரும் அவர்தான்.

தாராவியில் குடிசைகளை இடிக்க ஆட்கள் வருகிறார்கள். இடத்தை வாங்கியிருப்பவர் பெரிய செல்வந்தர். சட்டம் அவர் பக்கம். வேலுவும் அவன் கூட்டாளிகளும் கோர்ட்டுக்குப் போவதில்லை. நேரே அந்தச் செல்வந்தரின் பங்களாவுக்குள் நுழைந்து, கையில் கிடைத்ததையெல்லாம் உடைக்கிறார்கள். தன் வீடு இடிபடுவது எப்படியிருக்கும் என்று அவருக்குப் புரிந்ததும் குடிசை இடிப்பு நிற்கிறது. 1987 தீபாவளிக்கு வந்த ‘நாயகன்’ படத்தின் இந்தக் காட்சிக்குத் தமிழர் வாழும் ஊர்களிலெல்லாம் கைதட்டல் கிடைத்தது.

டெல்லி ஜங்புராவில் பாராபுல்லா நாலாவின் கரையிலிருந்த மதராசி கேம்ப்பில் 2025 ஜூன் 1 அன்று புல்டோசர்கள் வந்தன. நாலாவில் அடைப்பை நீக்கவேண்டும் என்பது ஹைகோர்ட் உத்தரவு. ஐம்பது ஆண்டுகளுக்கு மேலாக வீட்டு வேலைக்கும் டிரைவர் வேலைக்கும் துப்புரவு வேலைக்கும் போய்க்கொண்டிருந்த தமிழ்க் குடும்பங்களின் 370 வீடுகள் ஒரே நாளில் தரைமட்டமாயின. மாற்று வீட்டுக்குத் தகுதியுள்ளவை என்று அறிவிக்கப்பட்டவை 189 குடும்பங்கள். அவர்களுக்கும் வீடு நகரத்தின் வடக்கு எல்லையிலுள்ள நரேலாவில்தான். எந்த பங்களாவுக்குள்ளும் யாரும் நுழையவில்லை.

சினிமாவில் நடப்பது வாழ்க்கையில் நடக்காததற்கு எத்தனையோ காரணங்கள் உண்டு. அவற்றுள் ஒன்று, சினிமாவில் ஒரு காட்சி எங்கே தொடங்கவேண்டும், எங்கே முடியவேண்டும் என்பதை ஒரு மனிதர் மேஜையின் முன் உட்கார்ந்து தீர்மானிக்கிறார். குடிசைகள் காப்பாற்றப்பட்டதும் காட்சி மாறிவிடுகிறது. மறுநாள் காலை அதே ஆட்கள் திரும்பி வந்தார்களா என்று ரசிகன் கேட்பதற்குள் கதை சில வருடங்களைத் தாண்டிவிடும். ‘நாயகன்’ படத்தில் அந்த வேலையைச் செய்தவர்கள் இருவர்: பி. லெனின், வி.டி. விஜயன்.

தமிழ் ரசிகனுக்கு நடிகரைத் தெரியும், இசையமைப்பாளரைத் தெரியும். எண்பதுகளுக்குப் பிறகு ஒளிப்பதிவாளரின் பெயரையும் சொல்லக் கற்றுக்கொண்டான். எடிட்டர் மட்டும் டைட்டில் கார்டில் வந்துபோகும் ஒரு பெயர். ‘கட்’ என்றாலே பலருக்கு சென்சார்தான் நினைவுக்கு வரும். எடிட்டரும் சென்சாரும் வெட்டுகிறவர்களே. ஒருவர் படம் உருவாவதற்காக வெட்டுகிறார், மற்றவர் படம் உருவான பிறகு வெட்டுகிறார். இந்த வித்தியாசத்தைப் பொது மேடைகளில் விளக்கவேண்டிய நிலை தமிழ்நாட்டு எடிட்டர்களுக்கு நெடுங்காலம் இருந்தது.

லெனினுக்கு இந்த வேலை வீட்டிலேயே இருந்தது. தந்தை ஏ. பீம்சிங். ‘பாகப்பிரிவினை’, ‘பாவமன்னிப்பு’, ‘பாசமலர்’, ‘பாலும் பழமும்’ என்று ‘பா’ வரிசையில் குடும்பப் படங்கள் எடுத்து சிவாஜி கணேசனின் பொற்காலத்தை உருவாக்கியவர். அவர் இயக்குநராவதற்கு முன் கிருஷ்ணன்-பஞ்சு இரட்டையரிடம் பயின்றார். ‘பராசக்தி’யை இயக்கிய அந்த இருவரில் பஞ்சுதான் எடிட்டர், தொகுப்புக்கு மட்டும் ‘பஞ்சாபி’ என்ற பெயரைப் போட்டுக்கொள்வார். கிருஷ்ணனின் சகோதரி சோனாவை பீம்சிங் மணந்தார். ஆக, எடிட்டிங் என்பது அந்தக் குடும்பத்தில் தொழிலாகவும் இருந்தது, உறவாகவும் இருந்தது.

பீம்சிங் தம் படங்களின் தொகுப்பில் தாமே உட்காருவார். ‘பாசமலர்’ போன்ற படங்களில் பால் துரைசிங்கம், திருமலை ஆகியோருடன் அவர் பெயரும் படத்தொகுப்பாளர் பட்டியலில் வரும். 1961 ஒரே ஆண்டில் ‘பாவமன்னிப்பு’, ‘பாசமலர்’, ‘பாலும் பழமும்’ மூன்றையும் வெளியிட்டு மூன்றையும் வெற்றியாக்க முடிந்ததென்றால், எந்த ஷாட் தேவை, எது வீண் என்று படப்பிடிப்புத் தளத்திலேயே அவர் தெரிந்துவைத்திருந்தார் என்றுதான் கொள்ளவேண்டும். மனதுக்குள்ளேயே வெட்டி ஒட்டிப் பார்த்துவிட்டவருக்கு ஃபிலிமும் மிச்சம், நாளும் மிச்சம்.

அவருடைய பிள்ளைகளில் ஒருவர் காமிராவுக்குப் பின்னால் போனார். ‘நிழல்கள்’, ‘அலைகள் ஓய்வதில்லை’, ‘முதல் மரியாதை’ என பாரதிராஜாவின் கண்ணாக இருந்த பி. கண்ணன் அவர்தான், 2020இல் மறைந்தார். லெனின் எடிட்டிங் அறைக்குள் போனார்.

அந்த அறையைப் பற்றிக் கொஞ்சம் சொல்லவேண்டும். ஏனென்றால் அது இப்போது இல்லை. கம்ப்யூட்டர் திரையில் சுட்டியை நகர்த்தி வெட்டுகிற இன்றைய இளைஞருக்கு அது ஒரு தச்சுப் பட்டறைபோலத் தோன்றும். 35 மில்லிமீட்டர் ஃபிலிமில் ஒரு விநாடிக்கு 24 ஃபிரேம். ஓர் அடியில் 16 ஃபிரேம். ஒரு நிமிடம் ஓட 90 அடி வேண்டும். இரண்டரை மணி நேரப் படம் என்றால் சுமார் 13,500 அடி. இது முடிந்த படத்தின் நீளம். எடுத்துக்கொண்டு வந்தது அதைப்போல் பல மடங்கு. லேபிலிருந்து ரஷ் பிரிண்ட் வரும். உதவியாளர் கிளாப் பலகை அடிக்கும் இடத்தைப் பார்த்துப் படத்தையும் ஒலிநாடாவையும் பொருத்துவார். ஷாட்டுகள் சுருளாகவும் துண்டாகவும் எண் போட்டுத் தொங்கும். எந்தத் துண்டு எங்கே என்று நினைவில் வைத்திருப்பவரே நல்ல உதவியாளர். நான்கு ஃபிரேம் மட்டும் உள்ள ஒரு துண்டு, அதாவது விநாடியில் ஆறில் ஒரு பங்கு, மேஜைக்கடியில் விழுந்துவிட்டால் அறையே அதைத் தேடும்.

ஃபிலிமை ஓட்டிப் பார்க்க மூவியோலா இருந்தது. தையல் மெஷின்போல் சத்தம் போடும் அமெரிக்க யந்திரம். பிறகு மேஜைபோல் படுத்திருக்கும் ஸ்டீன்பெக் வந்தது. அது ஜெர்மனியின் ஹாம்பர்கில் பிறந்தது. சத்தம் குறைவு, திரை பெரிது, முன்னும் பின்னும் ஓட்டலாம். குறிபோடும் மெழுகுப் பென்சிலால் ஒரு கோடு, வெட்டு, ஒட்டு, திரும்ப ஓட்டு. பிடிக்கவில்லையென்றால் பிரித்து மறுபடி ஒட்டு. ஒவ்வொரு தவறும் ஃபிலிமில் தழும்பாக நிற்கும். அதனால் வெட்டுவதற்கு முன் யோசித்தார்கள். எல்லாம் சரியென்று முடிவான பிறகு, விளிம்பில் அச்சாகியிருக்கும் எண்களைப் பார்த்து நெகட்டிவை வெட்டுவார்கள். அங்கே தவறினால் திருத்த வழியில்லை.

தொகுத்து முடித்த படம் ரீல் ரீலாக இசையமைப்பாளரிடம் போகும். இளையராஜா ஒரு ரீலைப் பார்த்துவிட்டு நோட்ஸ் எழுதத் தொடங்குவதைப் பற்றி ஏராளமான கதைகள் உண்டு. அந்தக் கதைகளில் எடிட்டர் வருவதில்லை. ஆனால் ஒரு மௌனம் எத்தனை விநாடி நீடிக்கவேண்டும் என்பதை இசையமைப்பாளருக்கு முன்பே தீர்மானித்தவர் அவர்தான்.

இப்படிப்பட்ட அறையிலிருந்துதான் மணிரத்னத்தின் முதல் படம் வந்தது. 1983இல் கன்னடத்தில் வந்த ‘பல்லவி அனுபல்லவி’க்கு பாலு மகேந்திரா ஒளிப்பதிவு, இளையராஜா இசை, லெனின் படத்தொகுப்பு. எம்.பி.ஏ. படித்துவிட்டு வந்த, யாரிடமும் உதவி இயக்குநராக இருந்திராத ஒரு புதியவருக்கு அமைந்த பாதுகாப்பு வளையம் அது. அடுத்து மலையாள ‘உணரு’, தமிழில் ‘பகல் நிலவு’, ‘இதயக் கோவில்’. பிறகு லெனினோடு வி.டி. விஜயனும் சேர்ந்த கூட்டணியாக ‘மௌன ராகம்’ (1986), ‘நாயகன்’ (1987), ‘அக்னி நட்சத்திரம்’ (1988), தெலுங்கு ‘கீதாஞ்சலி’ (1989), ‘அஞ்சலி’ (1990). ‘தளபதி’யில் எடிட்டர் மாறும்வரை, மணிரத்னம் படம் எப்படி ‘நகரும்’ என்று ரசிகர்கள் கற்றுக்கொண்டது லெனின் மேஜையிலிருந்துதான்.

இந்தப் படங்களை வரிசையாகப் பார்த்தால் ஒரே ஆள் வெட்டியதாகத் தோன்றாது. அதுவே பெருமை. ‘மௌன ராக’த்தில் கணவன் மனைவிக்கிடையே வார்த்தை இல்லாத நேரங்கள் நீட்டப்பட்டிருக்கின்றன, கார்த்திக் வரும் முன்கதையில் வேகம் பிடிக்கிறது. ‘அக்னி நட்சத்திர’த்தில் வெளிச்சம் கண்ணில் அறைந்து மறைவதைப்போலவே வெட்டும் அறைகிறது. ‘நாயகன்’ இரண்டுக்கும் வேறு. சிறுவன் ஒருவன் கிழவனாகிச் சாகும்வரையிலான வாழ்க்கை இரண்டரை மணி நேரத்துக்குள் அடங்கவேண்டும். மனைவி கொல்லப்படுகிறாள், குழந்தைகள் சென்னைக்கு அனுப்பப்படுகிறார்கள், அடுத்து அவர்கள் வளர்ந்து திரும்பி வருகிறார்கள். இடையில் விழுங்கப்பட்ட வருடங்களை யாரும் தேடுவதில்லை. வேலுவின் முடியில் நரை மட்டும் கணக்குச் சொல்கிறது.

இன்னொரு சிக்கலும் அந்தப் படத்தில் இருந்தது. படப்பிடிப்பில் ஒரு பகுதி உண்மையான தாராவியில் நடந்தது. பெரும்பகுதி சென்னை வீனஸ் ஸ்டூடியோவில் தோட்டா தரணி போட்ட செட். மும்பைச் சந்தும் கோடம்பாக்கத்துச் சந்தும் ஒரே காட்சிக்குள் அடுத்தடுத்து வரவேண்டும், சேர்மானம் தெரியக்கூடாது. தெரியவில்லை. 1987ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் கமல்ஹாசனுக்கு நடிப்புக்கும், பி.சி. ஸ்ரீராமுக்கு ஒளிப்பதிவுக்கும், தரணிக்குக் கலைக்கும் விருது கிடைத்தது. மூவரும் தகுதியானவர்களே. தையல் தெரியாமல் தைத்தவர்களுக்கு ஒன்றுமில்லை. தையல் தெரியவில்லையே, எப்படிக் கொடுப்பார்கள்?

கிடைத்தது ஏழு வருடம் கழித்து, சற்றும் எதிர்பாராத படத்துக்கு. ஷங்கரின் ‘காதலன்’ (1994). சிறந்த படத்தொகுப்புக்கான தேசிய விருது லெனினுக்கும் விஜயனுக்கும். ‘ஜென்டில்மேன்’ (1993) தொடங்கி ‘இந்தியன்’, ‘ஜீன்ஸ்’, ‘முதல்வன்’ என்று தொண்ணூறுகள் முழுவதும் ஷங்கரின் பிரம்மாண்டங்கள் இவர்கள் கைவழியாகவே வெளியே போயின. உடலில்லாமல் உடை மட்டும் ஆடும் ‘முக்காலா’ பாட்டைப் பார்த்துவிட்டு எல்லோரும் கம்ப்யூட்டரைப் புகழ்ந்தார்கள். அந்தப் பாட்டில் எந்தத் தாளத்தில் பிரபுதேவாவின் கால், எந்தத் தாளத்தில் முகம், எந்தத் தாளத்தில் அகன்ற ஷாட் என்பதைப் புகழ்ந்தவர்கள் குறைவு. நடனப்பாட்டைத் தொகுப்பது சுலபமென்று வெளியாட்கள் நினைப்பதுண்டு: தாளத்துக்கு ஒரு வெட்டு. உண்மையில் ஒவ்வொரு தாளத்திலும் வெட்டினால் மூன்றாவது வரியில் கண் சலித்துவிடும். எங்கே வெட்டாமல் விடுவது என்பதே வித்தை. அந்த வித்தைக்குத்தான் டெல்லி நடுவர்கள் விருது கொடுத்தார்கள்.

டெல்லியில் விருது கொடுக்கும் அரங்குகளுக்கும் அந்தப் படங்களைப் பார்த்த தமிழர் குடியிருப்புகளுக்கும் தூரம் சில கிலோமீட்டர்தான். பார்த்த விதம் மட்டும் வேறு. எண்பதுகளில் தலைநகரத் தமிழனுக்குத் தமிழ்ப் படம் என்பது அபூர்வம். ஞாயிறு மதியம் தூர்தர்ஷனில் முறைவைத்து வரும் மாநிலமொழிப் படம். விருது வாங்கியதாக இருந்தால்தான் வரும், கீழே ஆங்கில வரிகளோடு. இல்லாவிட்டால் தியேட்டரில் ஞாயிற்றுக்கிழமை காலைக் காட்சி, அல்லது வாடகை வி.சி.ஆரும் தேய்ந்த காசெட்டும். 1993இல் சன் டி.வி. வந்த பிறகு கேபிள் போகிற இடமெல்லாம் படமும் போனது. அதோடு இன்னொரு எடிட்டரும் வீட்டுக்குள் வந்தார்: விளம்பரம். மௌனமாக இரண்டு பேர் பார்த்துக்கொள்ளும் ஷாட்டை மூவியோலாவில் பத்துமுறை ஓட்டிப் பார்த்து நீளம் நிர்ணயித்திருப்பார்கள். அதன் நடுவில் சோப்பு வரும். நேரம் போதவில்லையென்றால் பாட்டு போகும். சமயத்தில் காட்சியே போகும். மதராசி கேம்ப் போன்ற குடியிருப்புகளில் வளர்ந்த ஒரு தலைமுறை தமிழ் சினிமாவைப் பார்த்தது இப்படி இரண்டாம் முறை வெட்டப்பட்ட நிலையில்தான்.

விருதும் வசூலும் வந்துகொண்டிருந்த அதே காலத்தில் லெனின் வேறொன்றைச் செய்துகொண்டிருந்தார். இயக்கம் அவருக்குப் புதிதல்ல. எண்பதுகளின் தொடக்கத்திலேயே ‘எத்தனை கோணம் எத்தனை பார்வை’ என்றொரு படம் இயக்கினார். இளையராஜாவின் பாடல்களைக் கேட்டவர்கள் பலர், படத்தைப் பார்த்தவர்கள் சொற்பம். 1988இல் கார்த்திக் நடித்த ‘சொல்லத் துடிக்குது மனசு’. இரண்டும் அவரைப் பெரிய இயக்குநர்கள் வரிசையில் சேர்க்கவில்லை. எடிட்டர் இயக்குநரானால் ஒவ்வொரு ஷாட்டும் சுத்தமாக இருக்கும், கல்லாப்பெட்டி மட்டும் காலியாக இருக்கும் என்பது கோடம்பாக்கத்து ஞானம்.

1992இல் வந்த ‘நாக்-அவுட்’ அந்த ஞானத்தைப் பற்றிக் கவலைப்படவில்லை. ஒரு காலத்தில் பதக்கம் வாங்கிய குத்துச்சண்டை வீரர் கேட்பாரற்றுச் செத்துப்போவதைப் பற்றிய குறும்படம் அது. பாட்டு இல்லை, நட்சத்திரம் இல்லை, இடைவேளை இல்லை. கதைப்படம் அல்லாத பிரிவில் இயக்குநரின் முதல் படத்துக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது. அதற்கு அடுத்த வருடம் வெளிவந்தது ‘ஜென்டில்மேன்’. ஒரே கைகள், ஒரே அறை. ஒரு மேஜையில் கோடிக்கணக்கில் செலவழித்த பாட்டு. இன்னொன்றில் தியேட்டருக்கே போகமுடியாத ஒரு பிணத்தின் கதை.

இதை முரண்பாடு என்று சொல்லி லெனினைக் கேலி செய்தவர்களும் உண்டு. வணிக சினிமாவில் சம்பாதித்துக்கொண்டே அதைத் திட்டுவதா என்று. கேள்வி நியாயமானதுதான். ஆனால் அந்தச் சம்பாத்தியம் இல்லாமல் தமிழில் அப்படியொரு குறும்படத்தை எடுக்க வேறு வழி என்ன இருந்தது என்று கேட்டவர்கள் எவரும் பதில் சொல்லவில்லை. தமிழில் குறும்படம் என்ற சொல்லே பரவலாகாத காலம். பல கோடி ரூபாய் புரளும் தொழிலில், ஒரு ரூபாயும் திரும்பி வராத படத்தைத் தம் உழைப்பால் எடுப்பவரைத் தொழில் ‘பைத்தியக்காரர்’ என்று அன்போடு விட்டுவிடும். லெனின் அந்த அன்பை ஏற்றுக்கொள்ளவில்லை. மேடை கிடைத்த இடமெல்லாம் வணிக சினிமாவை விமரிசித்தார்.

உலகின் வேறொரு மூலையிலும் இந்தக் கேள்வி எழுந்திருக்கிறது. போரில் தோற்று இடிந்து கிடந்த பெர்லினில் 1946இல் வுல்ஃப்காங் ஷ்டாவ்டெ எடுத்த படம், கொலைகாரர்கள் நம்மிடையே இருக்கிறார்கள் என்பது அதன் பெயரின் பொருள், அந்த இடிபாடுகளையே அரங்கமாக்கியது. போருக்குப் பிந்திய முதல் ஜெர்மன் கதைப்படம் அது. இந்த வகைக்கு ‘இடிபாட்டுப் படங்கள்’ என்றே பெயர் வந்தது. அதைத் தொகுத்த ஹான்ஸ் ஹைன்ரிக் சில ஆண்டுகளிலேயே தாமும் இயக்குநரானார். ஆனால் ஐம்பதுகளில் மேற்கு ஜெர்மனியின் சினிமா, பழைய வேதனையை மறக்கவைக்கும் மலையும் பாட்டுமான படங்களில் மூழ்கியது. தமிழனுக்குப் பரிச்சயமான சரக்குதான். 1962இல் ஓபர்ஹவுசன் குறும்பட விழாவில் 26 பேர் கூடி, பழைய சினிமா செத்துவிட்டது என்று அறிக்கை விட்டார்கள். குறும்பட விழாவில், என்பது கவனிக்கத்தக்கது.

அந்தப் புதிய அலையில் இயக்குநரும் எடிட்டரும் ஜோடி ஜோடியாக வந்தார்கள். அலெக்ஸாண்டர் குளூகேவுக்கும் வெர்னர் ஹெர்சாக்குக்கும் பியாட்டெ மைன்கா-யெல்லிங்ஹவுஸ். விம் வெண்டர்ஸுக்கு பீட்டர் ப்ஷிகோடா. கேன்ஸில் 1984இல் தங்கப்பனை வாங்கிய ‘பாரிஸ், டெக்ஸாஸ்’ வரை, அதற்குப் பின்னும். ஃபாஸ்பிண்டருக்கு முதலில் டெயா அய்மேஷ், கடைசி ஆண்டுகளில் யூலியானெ லோரன்ஸ். ஃபாஸ்பிண்டர் தாமே எடிட்டிங்கில் உட்காரும்போது ‘ஃபிரான்ஸ் வால்ஷ்’ என்று வேறு பெயர் போட்டுக்கொண்டார். பஞ்சு ‘பஞ்சாபி’யானதைப்போல! இந்தப் பட்டியலில் பாதிக்கு மேல் பெண்கள் என்பதையும் சொல்லவேண்டும். இந்தியில் ரேணு சலூஜாவும் மலையாளத்தில் பீனா பாலும் வந்தார்கள். தமிழ் எடிட்டிங் அறை நெடுங்காலம் ஆண்களின் அறையாகவே இருந்தது.

ஜெர்மன் எடிட்டருக்கு இருந்து லெனினுக்கு இல்லாதது ஒன்று உண்டு. அந்நாட்டில் அரசு மானியமும் தொலைக்காட்சிப் பணமும் சேர்ந்து, கூட்டம் வராத படத்தையும் வாழவைத்தன. வெண்டர்ஸுக்காக வெட்டியவர் காலையில் ஒரு சினிமா, மாலையில் ஒரு சினிமா என்று பிரிந்து நிற்கவேண்டியதில்லை. சென்னையில் மாக்ஸ்முல்லர் பவன் தயவில் ஃபிலிம் சொஸைட்டிகள் இந்தப் படங்களைத் திரையிட்டன. பார்த்துவிட்டு வெளியே வந்தவர்கள் மறுநாள் வேலைக்குப் போன இடம் கோடம்பாக்கம்.

லெனினின் இரண்டு சினிமாவும் ஒன்றையொன்று சந்தித்த இடம் ஜெயகாந்தன். 1965இலேயே ஜெயகாந்தன் சேரி மனிதர்களைப் பற்றிய தம் ‘உன்னைப்போல் ஒருவன்’ கதையைத் தாமே படமாக்கி, அதற்கு தேசிய அளவில் நற்சான்றும் பெற்றவர். கோடம்பாக்கம் அவரைக் கண்டு ஒதுங்கியது. ‘பா’ வரிசைப் படங்களின் பீம்சிங்தான், யாரும் எதிர்பாராத விதமாக, ‘சில நேரங்களில் சில மனிதர்கள்’ நாவலை 1977இல் படமாக்கினார். லட்சுமிக்கு அகில இந்திய சிறந்த நடிகை விருது கிடைத்தது. கண்ணீர்க் குடும்பக் கதைகளில் பேர் வாங்கியவருக்குள் இப்படியொரு படமும் இருந்தது என்பது பலருக்கு வியப்பு. தொடர்ந்து ‘ஒரு நடிகை நாடகம் பார்க்கிறாள்’ எடுத்தார். அது 1978இல் வெளிவந்தபோது பீம்சிங் உயிரோடு இல்லை. அந்த ஜனவரியில் காலமாகிவிட்டார்.

இருபத்து மூன்று ஆண்டுகள் கழித்து மகன் அதே எழுத்தாளரின் ‘ஊருக்கு நூறு பேர்’ கதையைக் கையிலெடுத்தார். சமூகத்தை மாற்றப் புறப்பட்ட ஓர் இயக்கம், அதில் ஒருவனுக்குத் தூக்கு. மரண தண்டனை சரியா என்ற கேள்வியை உரக்கக் கேட்கிற படம். சந்தையில் விலைபோகாத எல்லாம் அதில் இருந்தது. 2001ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் சிறந்த தமிழ்ப் படம் என்ற விருதை அது பெற்றது. அதோடு இன்னொன்று: இந்தியாவின் சிறந்த இயக்குநர் பி. லெனின். சத்யஜித் ரேயும் மிருணாள் சென்னும் அடூர் கோபாலகிருஷ்ணனும் வாங்கிய விருது. தமிழ்ப் படத்துக்காக அதை வாங்கியவர்களை எண்ண இரு கை விரல்கள் தேவையில்லை.

தந்தையின் ஜெயகாந்தன் படங்கள் தியேட்டர்களில் ஓடின. மகனின் படத்தை, இந்த அளவு விருதுக்குப் பிறகும், தமிழ்நாட்டு ரசிகர்களில் பெரும்பாலோர் பார்க்கவில்லை. இருபத்தைந்து ஆண்டுகளில் தமிழ் சினிமா எந்தத் திசையில் நடந்தது என்பதற்கு இதைவிட அளவுகோல் வேண்டாம்.

அறையும் மாறிவிட்டது. 1994 பொங்கலுக்கு வந்த கமலின் ‘மகாநதி’யோடு ஆவிட் என்ற கம்ப்யூட்டர் தொகுப்பு முறை இந்திய சினிமாவுக்குள் வந்ததாகச் சொல்லப்படுகிறது. பத்தாண்டுக்குள் மூவியோலாக்கள் மூலைக்குத் தள்ளப்பட்டன. வெட்டினால் தழும்பு விழாத காலம். யோசித்து வெட்டவேண்டியதில்லை, வெட்டிப்பார்த்து யோசிக்கலாம். விஜயன் தனியாகத் தொடர்ந்தார். ஷங்கரின் ‘அந்நியன்’ (2005) அவர் வெட்டியது. மணிரத்னத்தின் படங்கள் சுரேஷ் அர்ஸிடம் போய், பின்னர் ஏ. ஸ்ரீகர் பிரசாத்திடம் நிலைத்தன. அர்ஸ் ‘பம்பாய்’க்காக விருது வாங்கினார். ஸ்ரீகர் பிரசாத்தோ இந்தி ‘ராக்’ தொடங்கி 2020இன் ‘சிவரஞ்சனியும் இன்னும் சில பெண்களும்’ வரை தேசிய விருதுகளைச் சேர்த்துக்கொண்டே இருப்பவர். எடிட்டர் ஏ. சஞ்சீவியின் மகன் அவர். இந்தத் தொழில் குடும்பத்துக்குள் இறங்குவது பீம்சிங் வீட்டில் மட்டுமல்ல.

லெனின் மெல்ல மெல்லப் பெரிய படங்களை விட்டு விலகினார். குறும்படம் எடுக்க வருகிறவர்களோடும் மாணவர்களோடும் நேரத்தைச் செலவிட்டார். சென்னையில் ‘தமிழ் ஸ்டுடியோ’ அமைப்பு சுயாதீனப் படைப்பாளிகளுக்கு ஆண்டுதோறும் ஒரு விருது கொடுக்கத் தொடங்கியபோது அதற்கு ‘லெனின் விருது’ என்று பெயர் வைத்தது. வாழும் ஓர் எடிட்டரின் பெயரில் விருது என்பது தமிழில் வேறெங்கும் எளிதில் காணக்கூடியதல்ல. வைத்தவர்கள் நினைத்தது ‘காதலன்’ எடிட்டரை அல்ல, ‘நாக்-அவுட்’ இயக்குநரை.

2023 நவம்பரில் ‘நாயகன்’ புதிய டிஜிட்டல் பதிப்பாகத் தியேட்டர்களுக்குத் திரும்பி வந்தது. 2024இல் ‘இந்தியன்’. படம் வந்த வருடத்தில் பிறந்திராத பிள்ளைகள் விசிலடித்தார்கள். ஃபிலிமின் கீறல்கள் துடைக்கப்பட்டிருந்தன, வண்ணம் புதுசாக்கப்பட்டிருந்தது. வெட்டுகள் மட்டும் மூவியோலாவில் போட்ட இடத்திலேயே இருந்தன. ‘நாக்-அவுட்’ படத்தைத் தேடுகிறவர்கள் இன்னும் ஏதாவதொரு திரைப்பட இயக்கத்தின் திரையிடலுக்குத்தான் காத்திருக்கவேண்டும்.